கம்பம் நட விடாத பக்கத்துத் தோட்டக்காரர்... போலீஸ் பாதுகாப்பு எப்போது கிடைக்கும்?

கேள்வி: ‘‘எங்களுக்கு 2 ஏக்கர் 40 சென்ட் கிணற்றுப் பாசன நிலம் இருக்கிறது. கணவர் இறந்து 4 வருடம் ஆகிறது. அவர் இருக்கும்போது பதிவு செய்து வைத்த இலவச மின் இணைப்பு இப்போதுதான் வரிசைப்படி வந்திருக்கிறது. கம்பங்களும் வந்து இறங்கிவிட்டன. மொத்தம் 3 கம்பம். அதில் 2 கம்பம் என் கணவரின் பெரியப்பா மகன் நிலத்தில் வருகிறது. குழி தோண்ட வந்த ஆட்களை அவர் இரண்டு முறை மறித்துத் திருப்பி அனுப்பிவிட்டார். போலீஸ் ஸ்டேஷனில் மனு கொடுத்தால், ‘இது சிவில் விஷயம், கோர்ட்டுக்குப் போம்மா’ என்கிறார்கள். டீசல் இன்ஜின் வைத்துத்தான் சின்ன வெங்காயத்துக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறேன். கட்டுப்படியாகவில்லை. போலீஸ் பாதுகாப்போடு கம்பம் நட வழி உண்டா? அவர் போன வருடம்தான் அந்த இடத்தில் தென்னை வைத்தார்.’’

- வாசகி, ஒட்டன்சத்திரம் வட்டம், திண்டுக்கல் மாவட்டம்.

பதில்: வழி உண்டு. ஆனால், அது போலீஸ் ஸ்டேஷனில் தொடங்குவதில்லை. மின்வாரிய அலுவலகத்தில் தொடங்கி, மாவட்ட ஆட்சியர் அலுவலகம் வழியாகத்தான் போலீஸ் ஸ்டேஷனுக்கு வருகிறது. இந்த வரிசை தெரியாமல் நேராக ஸ்டேஷன் படியேறுகிறவர்கள் மாதக்கணக்கில் அலைகிறார்கள். அங்கே ‘சிவில் விஷயம்’ என்று சொல்வதில் சில நேரம் தட்டிக்கழிப்பும் இருக்கலாம். ஆனால், இந்த வாசகியின் விஷயத்தில் இன்றைய நிலவரப்படி அந்தப் பதிலைத் தவறு என்று சொல்லிவிட முடியாது. ஏனென்றால், போலீஸ் கையில் எடுத்துக்கொள்வதற்கு எந்த உத்தரவும் இன்னும் இல்லை.

மின்வாரியம் கம்பி போடுவதென்றால் யாருடைய நிலத்திலும் இறங்கலாம் என்று பலர் நினைக்கிறார்கள். பட்டா நிலத்துக்காரர் வேண்டாமென்றால் அதோடு முடிந்தது என்று இன்னும் பலர் நினைக்கிறார்கள். சட்டம் இரண்டுக்கும் நடுவில் இருக்கிறது. 2003-ம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 67-வது பிரிவு, கம்பி, கம்பம் அமைக்கும் பணிகளைப் பற்றிப் பேசுகிறது. அதன் கீழ் 2006-ல் மத்திய அரசு விதிகள் கொண்டுவந்தது. அந்த விதிகளில் 3-வது விதிதான் இந்த வாசகிக்கு முக்கியம்.

அந்த விதிப்படி, ஒருவருடைய நிலத்தில் கம்பம் நடவோ, நிலத்துக்கு மேலே கம்பி கொண்டுபோகவோ முதலில் உரிமையாளர் அல்லது அனுபவத்தில் இருப்பவரின் சம்மதம் வேண்டும். அவர் ஆட்சேபித்தால், மின்வாரியம் மாவட்ட ஆட்சியரிடமோ, போலீஸ் கமிஷனரிடமோ, மாநில அரசு இதற்கென அதிகாரம் கொடுத்த அலுவலரிடமோ எழுத்துமூலம் அனுமதி வாங்க வேண்டும். அனுமதி கொடுக்கும்போதே நிலத்துக்காரருக்கு இழப்பீடோ, ஆண்டு வாடகையோ, இரண்டுமோ எவ்வளவு என்பதையும் அந்த உத்தரவிலேயே நிர்ணயிக்க வேண்டும். அந்த உத்தரவு சரியில்லை என்று நினைப்பவர், மின்சார ஒழுங்குமுறை ஆணையத்தில் சீராய்வு கேட்கலாம்.

ஆக, பெரியப்பா மகன் மறித்ததும் ஆட்கள் திரும்பிப் போனது கோழைத்தனம் அல்ல. அவர்கள் அப்படித்தான் போக வேண்டும். தவறு அதற்குப் பிறகுதான் நடக்கிறது. திரும்பிப் போன மின்வாரியம், ஆட்சியரிடம் அனுமதி கேட்டு எழுத வேண்டும். எழுதாமல், ‘‘நீங்களே உங்க சொந்தக்காரர்கிட்ட பேசி முடிச்சுட்டு வாங்கம்மா, அப்புறம் நடலாம்’’ என்று சொல்லிவிட்டு அடுத்த ஊர் வேலைக்குப் போய்விடுவது வழக்கமாகிவிட்டது. கம்பங்கள் ரோட்டோரம் கிடக்கும். சில மாதம் கழித்துப் பார்த்தால் வேறு யார் தோட்டத்திலோ நின்றுகொண்டிருக்கும்.

மின்சாரச் சட்டத்தில் 164-வது பிரிவு என்று இன்னொன்றும் இருக்கிறது. அரசு அதன் கீழ் ஆணை போட்டு, 1885-ம் ஆண்டு தந்திச் சட்டத்தில் தந்தித் துறைக்கு இருந்த அதிகாரங்களை மின் நிறுவனத்துக்குக் கொடுக்கலாம். அப்படி அதிகாரம் இருக்கும் இடத்தில் நிலத்துக்காரரின் முன்சம்மதம் தேவையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2016-ல் தீர்ப்பு சொல்லியிருக்கிறது. கொங்குப் பகுதியில் விவசாயிகள் போராடினார்களே, அந்த உயர்மின் கோபுரப் பாதைகள் எல்லாம் இந்த ரகம்தான். ஆனால், அங்கேயும் நிலத்துக்காரர் எதிர்த்து மறித்தால், மாவட்ட ஆட்சியரின் உத்தரவு வாங்கித்தான் உள்ளே நுழைகிறார்கள். அதனால்தான் மின்வாரியத்தினர் பேச்சில் ‘என்டர் அப்பான் ஆர்டர்’ என்ற வார்த்தை அடிக்கடி வரும். எந்தப் பிரிவின் கீழ் எழுதுவது என்பது மின்வாரியத்தின் கவலை. வாசகியைப் பொறுத்தவரை போய்ச் சேர வேண்டிய இடம் ஒன்றுதான். அது ஆட்சியரின் எழுத்துமூல உத்தரவு.

முதலில் சரிசெய்ய வேண்டியது விண்ணப்பம்

கடிதத்தில் இவர் போகிற போக்கில் சொல்லியிருக்கும் ஒரு விஷயம் இருக்கிறது. விண்ணப்பம் கணவர் பெயரில் இருக்கிறது. கணவர் உயிரோடு இல்லை. மற்ற எல்லாவற்றையும்விட இதை முதலில் சரிசெய்ய வேண்டும். தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழ், இறப்புச் சான்றிதழ், மற்ற வாரிசுகள் இருந்தால் அவர்களின் சம்மதக் கடிதம் ஆகியவற்றோடு, விண்ணப்பத்தைத் தன் பெயருக்கு மாற்றித் தரும்படி உதவிப் பொறியாளரிடம் மனு கொடுக்க வேண்டும். பட்டாவும் இன்னும் கணவர் பெயரிலோ, மாமனார் பெயரில் கூட்டுப் பட்டாவாகவோ இருந்தால் அதையும் மாற்றிக்கொள்வது நல்லது. பங்காளிகளுக்குள் வரும் தகராறில் எதிர்த்தரப்பு முதலில் பிடிக்கும் நூல் இதுதான். ‘‘விண்ணப்பமே செத்துப்போனவர் பெயர்ல இருக்கு, இவங்க யாரு?’’ என்று விசாரணையில் ஒரு கேள்வி விழுந்தால், அதற்குக் காகிதம் தேடவே இரண்டு மாதம் போய்விடும்.

அதோடு, கிராம நிர்வாக அலுவலரிடம் புதிய அடங்கல், இரண்டு நிலங்களுக்கும் புல வரைபடம் (எஃப்.எம்.பி.), தனிப்பட்டா ஆகியவற்றை எடுத்து வைக்க வேண்டும். புல வரைபடம் இரண்டு நிலத்துக்கும் வேண்டும் என்பதற்குக் காரணம் இருக்கிறது. கம்பம் வரும் இடம் உண்மையிலேயே பெரியப்பா மகன் நிலம்தானா, இல்லை வண்டிப்பாதையா, ஓடைப் புறம்போக்கா என்பது பல ஊர்களில் யாருக்கும் சரியாகத் தெரியாது. அனுபவத்தில் யார் உழுகிறாரோ அவர் நிலம் என்று எல்லோரும் பேசிக்கொண்டிருப்பார்கள். அளந்து பார்த்தால் கம்பம் வரும் கோடு புறம்போக்கில் இருக்கும். அப்படியானால் சம்மதம் என்ற பேச்சே அடிபட்டுப் போகிறது. சந்தேகம் இருந்தால் வட்டாட்சியர் அலுவலகத்தில் கட்டணம் கட்டி நில அளவைக்கு விண்ணப்பிக்கலாம்.

அந்த ஒரு கடிதம்

அடுத்தது, உதவிப் பொறியாளரிடம் இருந்து எழுத்தில் ஒரு கடிதம் வாங்க வேண்டும். ‘இன்ன தேதியில் இன்ன சர்வே எண்ணில் கம்பம் நடச் சென்றபோது நில உரிமையாளர் ஆட்சேபித்ததால் பணி நடைபெறவில்லை’ என்று இரண்டு வரி இருந்தால் போதும். இந்தக் கடிதம் இல்லாத வரைக்கும், காகிதத்தில் யாரும் யாரையும் தடுக்கவே இல்லை. மின்வாரியத்தின் கோப்பில் அந்த வேலை ‘நிலுவை’ என்று மட்டும் இருக்கும்.

வாய்மொழியாகக் கேட்டால் பெரும்பாலும் தர மாட்டார்கள். எனவே, வாசகி முதலில் ஒரு மனு எழுத வேண்டும். அதில் பதிவு எண், பதிவுத் தேதி, ஆட்கள் வந்து திரும்பிய இரண்டு தேதிகள், மறித்தவர் பெயர், சர்வே எண் எல்லாம் இருக்க வேண்டும். ‘2006-ம் ஆண்டு விதிகளின் 3-வது விதிப்படி மாவட்ட ஆட்சியரின் அனுமதியைப் பெற்றுப் பணியை முடித்துத் தர வேண்டுகிறேன்’ என்ற வாக்கியம் அவசியம் இருக்க வேண்டும். இந்த வரி இருக்கும் மனுவுக்கும், ‘ஐயா, கம்பம் நட விடமாட்டேன் என்கிறார், ஆவன செய்யவும்’ என்று எழுதும் மனுவுக்கும் நிறைய வித்தியாசம் உண்டு. பின்னதை யார் வேண்டுமானாலும் ஓரமாக வைத்துவிடலாம். மனுவை உதவிப் பொறியாளர், செயற்பொறியாளர், மேற்பார்வைப் பொறியாளர் மூவருக்கும் ஒப்புகையோடு தபாலில் அனுப்ப வேண்டும்.

30 நாள்களில் அசைவில்லை என்றால் தகவல் அறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. 10 ரூபாய் கட்டணத்தில், ‘என் மனு மீது எடுக்கப்பட்ட நடவடிக்கை என்ன, மாவட்ட ஆட்சியருக்குக் கடிதம் அனுப்பப்பட்டதா, அனுப்பியிருந்தால் நகல் வேண்டும்’ என்று கேட்கலாம். இந்த மூன்று கேள்விக்குப் பதில் எழுதும்போதே பாதிக் கோப்புகள் நகர ஆரம்பித்துவிடும். மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் திங்கள்கிழமை நடக்கும் மக்கள் குறைதீர் கூட்டத்திலும், மாதந்தோறும் நடக்கும் விவசாயிகள் குறைதீர் கூட்டத்திலும் மனு கொடுக்கலாம். விவசாயிகள் கூட்டத்தில் ஒரு வசதி என்னவென்றால், மின்வாரிய அதிகாரிகளும் அங்கே உட்கார்ந்திருப்பார்கள். ஆட்சியர் முன்னிலையில் கேள்வி கேட்டால், ‘‘அனுமதிக்கு அனுப்புகிறோம்’’ என்ற பதிலாவது பதிவாகும்.

செயற்பொறியாளரின் கடிதம் ஆட்சியருக்குப் போனதும், பெரும்பாலும் கோட்டாட்சியர் (ஆர்.டி.ஓ.) விசாரணைக்கு வரும். வருவாய் ஆய்வாளரும் கிராம நிர்வாக அலுவலரும் இடத்தைப் பார்த்து அறிக்கை தருவார்கள். இரண்டு தரப்புக்கும் அழைப்பாணை வரும். அன்றைக்கு வாசகி கட்டாயம் போக வேண்டும். பெரியப்பா மகனும் வருவார். அவர் என்ன சொல்லப்போகிறார் என்பதைத்தான் இப்போது பார்க்க வேண்டியிருக்கிறது.

தென்னை என்ற அந்தக் கடைசி வரி

‘அவர் போன வருடம்தான் அந்த இடத்தில் தென்னை வைத்தார்’ என்று கேள்வியின் கடைசியில் ஒரு வரி இருக்கிறது. கம்பம் வருவது தெரிந்தே வைத்தார் என்ற குற்றச்சாட்டு அதற்குள் ஒளிந்திருக்கிறது. அப்படியும் இருக்கலாம். ஆனால், விசாரணையில் அதை நிரூபிப்பது கஷ்டம். அதைவிட, அந்தத் தென்னையை வைத்து அவருடைய பயம் நியாயமானதா என்று பார்ப்பது பிரயோஜனமாக இருக்கும்.

நெட்டை ரகத் தென்னையை 25 அடிக்கு 25 அடி இடைவெளியில் வைக்கிறோம். வளர்ந்த மரத்தின் மட்டை 15 அடிக்கும் மேல் நீளும். இரண்டு வரிசைக்கு நடுவில் மட்டைகள் ஒன்றோடொன்று கோத்துக்கொள்ளும். அதனால், வரிசைக்கு நடுவில் கம்பியைக் கொண்டுபோய்விடலாம் என்பது கன்றாக இருக்கும்போது மட்டும் எடுபடும் பேச்சு. தாழ்வழுத்தக் கம்பி தரையிலிருந்து குறைந்தது 4.6 மீட்டர் உயரத்தில் இருக்க வேண்டும் என்பது பாதுகாப்பு விதி. அதாவது 15 அடி. தென்னை சில வருடங்களிலேயே அந்த உயரத்தைத் தொட்டுவிடும். காற்றடிக்கும்போது மட்டை கம்பியில் உரசும், பியூஸ் போகும், காய்ந்த மட்டையில் தீப்பிடிக்கும். மரம் ஏறுகிறவருக்கு உயிர் ஆபத்து. பிறகு லைன்மேன் வந்து மட்டையை வெட்டுவார். அப்புறம் மரத்தையே வெட்டச் சொல்வார்கள். தோட்டத்தின் குறுக்கே மூலைவிட்டமாகக் கம்பி போனால், இரண்டு பக்கமும் சேர்த்து எத்தனை மரம் போகும் என்று தென்னை வைத்த எவரும் கணக்குப் போட்டுத்தான் பார்ப்பார்கள். பெரியப்பா மகனின் கோபத்தில் பழைய பாகப்பிரிவினை வருத்தமும் கலந்திருக்கலாம். ஆனால், தென்னைக் கணக்கு பொய்யான கணக்கு இல்லை.

எனவே, உத்தரவுக்கு மனு போட்ட கையோடு, மாற்றுப் பாதை ஒன்றையும் வாசகியே யோசித்து வைத்துக்கொள்ள வேண்டும். தாழ்வழுத்தக் கம்பிக்கு ஏறக்குறைய 50 மீட்டருக்கு ஒரு கம்பம் வரும். குறுக்கே 3 கம்பத்தில் முடிகிற வேலை, பொதுவரப்பை ஒட்டி வளைந்து போனால் 4 அல்லது 5 ஆகலாம். மதிப்பீட்டைத் திருத்தி மேலதிகாரி ஒப்புதல் வாங்கச் சில வாரங்கள் ஆகும். ஆனால், வரப்பில் போகிற கம்பிக்குக் கீழே ஒரு வரிசைத் தென்னைதான் பாதிக்கும். அந்த வரிசையை மட்டும் எலுமிச்சை, கொய்யா என்று குட்டையான மரமாக மாற்றி வைக்கச் சொல்லலாம். வெற்றுக் கம்பிக்குப் பதிலாக உறையிட்ட கேபிள் போட முடியுமா என்றும் பொறியாளரிடம் கேட்கலாம். ஸ்டே கம்பி எந்தப் பக்கம் வருகிறது என்பதையும் பார்க்க வேண்டும். கம்பத்தை ஏற்றுக்கொண்டவர்கள்கூட, டிராக்டர் திரும்பும் இடத்தில் ஸ்டே கம்பி வந்ததற்காகச் சண்டைக்கு வந்த கதைகள் உண்டு.

இந்த மாற்றுப் பாதையை ஒரு காகிதத்தில் வரைந்து, ஊர்ப் பெரியவர் ஒருவர் மூலமாகப் பெரியப்பா மகனிடம் கொடுத்தனுப்பலாம். அவரோடு நேரில் போய்த் தனியாகப் பேச வேண்டாம். ‘‘மாமா, உங்க மரத்துக்குச் சேதாரம் இல்லாம வரப்போரமா கொண்டுபோறோம், சம்மதம் சொல்லுங்க’’ என்று சொல்லி அனுப்பினார் என்பதற்கு ஒரு சாட்சி இருப்பது, ஆர்.டி.ஓ. விசாரணையில் பெரிய பலம். ஒத்துக்கொண்டால் அங்கேயே சம்மதக் கடிதம் எழுதி, சர்வே எண்ணைக் குறிப்பிட்டு, இரண்டு சாட்சிக் கையெழுத்தோடு வாங்கி உதவிப் பொறியாளரிடம் கொடுத்துவிடலாம். வெறும் வாய்ச் சம்மதத்தை நம்பி வேலையைத் தொடங்கி, பாதியில் நின்றுபோன கம்பங்கள் எத்தனையோ கிராமங்களில் இருக்கின்றன.

மறுத்தால், இழப்பீட்டுப் பேச்சை விசாரணையில் வாசகியே எடுக்கலாம். 67-வது பிரிவிலேயே, பணியால் ஏற்படும் சேதத்துக்கும் இடைஞ்சலுக்கும் மின் நிறுவனம் முழு இழப்பீடு தர வேண்டும் என்று இருக்கிறது. கம்பி வருவதற்கு முன்பே இருந்த மரத்தை வெட்ட நேர்ந்தால் இழப்பீடு உண்டு என்று 68-வது பிரிவு சொல்கிறது. அதனால், தென்னை எப்போது வைக்கப்பட்டது என்பது அவருக்கும் முக்கியம்தான். சின்ன வெங்காயமோ, மக்காச்சோளமோ நிற்கும்போது குழி தோண்டினால் பயிருக்குத் தனியாகக் கணக்கு வரும். அறுவடை முடிந்த வாரத்தில் தேதி வாங்கினால் அந்தச் செலவும் சண்டையும் இருக்காது. பெரிய கோபுரப் பாதைகளுக்கு நில மதிப்பில் சதவிகிதக் கணக்கில் தரும் இழப்பீட்டை இங்கே எதிர்பார்க்கக் கூடாது. அந்த வழிகாட்டுதல்கள் 66 கிலோவோல்ட்டும் அதற்கு மேலும் உள்ள பாதைகளுக்கானவை.

உத்தரவு வந்த பிறகு போலீஸ்

இப்போதுதான் வாசகி கேட்ட கேள்விக்கான இடம் வருகிறது. ஆட்சியரின் உத்தரவு கையில் வந்ததும், பணி நடக்கும் தேதியைக் குறித்து, பாதுகாப்புக் கேட்டு எழுத வேண்டியது மின்வாரியம். உதவிப் பொறியாளரோ, உதவிச் செயற்பொறியாளரோ, உத்தரவின் நகலை இணைத்து, காவல் ஆய்வாளருக்கும் துணைக் கண்காணிப்பாளருக்கும் கடிதம் அனுப்ப வேண்டும். வாசகி தன் பங்குக்கு ஒரு மனு கொடுத்து, ஒப்புகை ரசீது (சி.எஸ்.ஆர்.) வாங்கி வைக்கலாம். ஆனால், அவருடைய மனு துணைக் காகிதம்தான். தனி ஆள் கேட்கும் பாதுகாப்புக்கும், அரசு நிறுவனம் ஓர் உத்தரவை நிறைவேற்றக் கேட்கும் பாதுகாப்புக்கும் ஸ்டேஷனில் கிடைக்கும் மரியாதையே வேறு.

பாதுகாப்பு என்றால் என்ன என்பதிலும் தெளிவு வேண்டும். போலீஸார் கம்பம் நட மாட்டார்கள். எல்லை எங்கே என்று தீர்ப்பு சொல்ல மாட்டார்கள். கைகலப்பு வராமல் நிற்பார்கள். மறிப்பவரிடம் உத்தரவைக் காட்டி விலகச் சொல்வார்கள். அதற்கும் மீறி மறித்தால் வழக்கு வரும். 2024 ஜூலை 1-ம் தேதி முதல் பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதில் பாரதிய நியாய சன்ஹிதா நடைமுறையில் இருக்கிறது. அரசு ஊழியர் முறைப்படி பிறப்பித்த உத்தரவை மீறுவது அதில் 223-வது பிரிவு. அரசு ஊழியரின் பணியைத் தடுப்பது 221-வது பிரிவு. இதற்கு 3 மாதம் வரை சிறையோ, 2,500 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ கிடைக்கும். கை வைத்தாலோ, அடிக்க வந்தாலோ 132-வது பிரிவு. 2 வருடம் வரை சிறை.

இதில் ஒரு நுணுக்கம் உண்டு. 221, 223 இரண்டு பிரிவுகளிலும், சம்பந்தப்பட்ட அரசு ஊழியரோ, அவருடைய மேலதிகாரியோ எழுத்தில் புகார் கொடுத்தால்தான் நீதிமன்றம் வழக்கை எடுக்கும். வாசகி கொடுக்கும் புகார் அதற்குப் போதாது. இன்னொன்று, மின்வாரிய ஊழியர்தான் அரசு ஊழியர் என்ற வரையறைக்குள் வருவார். குழி தோண்ட வரும் ஒப்பந்தக் கூலி ஆட்கள் வர மாட்டார்கள். எனவே, கம்பம் நடும் அன்றைக்கு உதவிப் பொறியாளரோ, குறைந்தது ஆக்க முகவரோ, லைன் இன்ஸ்பெக்டரோ களத்தில் நிற்க வேண்டும் என்று வாசகி முன்கூட்டியே கேட்டுக்கொள்வது அவசியம். இரண்டு முறை திரும்பிப் போனபோது அவர்களில் ஒருவராவது இருந்தார்களா என்பதையும் அவர் நினைவுபடுத்திப் பார்க்கலாம்.

இதெல்லாம் ஒருபுறம் இருக்க, உத்தரவு வரும் வரை போலீஸுக்கு வேலையே இல்லை என்று அர்த்தமில்லை. வாசகியைத் தகாத வார்த்தையில் திட்டினாலோ, வெட்டுவேன் குத்துவேன் என்று மிரட்டினாலோ, அவருடைய வழியை மறித்தாலோ அது கம்பத் தகராறு அல்ல, தனிக் குற்றம். அதற்கு அன்றைக்கே புகார் கொடுக்கலாம். வாங்க மறுத்தால் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குத் தபாலில் அனுப்பலாம். அங்கேயும் நடக்கவில்லை என்றால் குற்றவியல் நடுவர் நீதிமன்றம் இருக்கிறது. ஆனால், புகாரில் நடந்தது மட்டுமே இருக்க வேண்டும். யாரோ சொன்னார்கள் என்று நடக்காத அடிதடியைச் சேர்த்து எழுதினால், உண்மையான மிரட்டலும் சேர்ந்து பொய்யாகிவிடும்.

ஆட்சியர் உத்தரவு இருந்தும் போலீஸ் வரவில்லை என்றால், உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். திண்டுக்கல் மாவட்டத்துக்கு மதுரைக் கிளை. ஆட்சியர் உத்தரவு, மின்வாரியம் போலீஸுக்கு எழுதிய கடிதம், வாசகியின் மனுவும் ரசீதும் இருந்தால், பாதுகாப்புக் கொடுக்கச் சொல்லி உத்தரவு கேட்பதற்கு நல்ல அடிப்படை இருக்கிறது. அந்தக் காகிதங்கள் இல்லாமல், எடுத்த எடுப்பில் உயர் நீதிமன்றம் போனால், ‘மனுவைப் பரிசீலிக்கவும்’ என்ற உத்தரவோடு திரும்பவும் இதே அலுவலகங்களுக்குத்தான் வர வேண்டியிருக்கும். வக்கீல் செலவு மட்டும் மிச்சம்.

வக்கீல் செலவைப் பற்றி வாசகி கவலைப்பட வேண்டியதில்லை. சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி, பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. தாலுகா நீதிமன்ற வளாகத்திலேயே வட்ட சட்டப் பணிகள் குழு இருக்கும். அங்கே மனு கொடுத்தால் வக்கீல் அமர்த்தித் தருவார்கள். இரண்டு தரப்பையும் அழைத்துச் சமரசம் பேசவும் அவர்களால் முடியும்.

அந்த வக்கீலிடம் முதலில் கேட்க வேண்டியது கேவியட் மனு. மாவட்ட ஆட்சியரின் உத்தரவு வரப்போவது தெரிந்ததும், எதிர்த்தரப்பு முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு கேட்கப் போவது சகஜம். வாசகியின் தரப்பைக் கேட்காமல் தடை கொடுத்துவிடக் கூடாது என்பதற்காகப் போடுவதுதான் கேவியட். 90 நாள்களுக்குச் செல்லும். அதற்குள் வேலை முடியவில்லை என்றால் மறுபடியும் போட வேண்டும். தடையுத்தரவு ஒன்று வந்துவிட்டால், ஆட்சியர் உத்தரவு கையில் இருந்தாலும் மின்வாரியமும் போலீஸும் கையைக் கட்டிக்கொள்ளும். அதை விலக்கி வாங்குவது வேறு ஒரு நெடும்பயணம்.

காத்திருக்கும் நாள்களில்

டீசல் இன்ஜின் கட்டுப்படியாகவில்லை என்று வாசகி சொல்வது உண்மைதான். 5 குதிரைத்திறன் இன்ஜின் ஒரு மணி நேரத்துக்கு ஏறக்குறைய 1 லிட்டர் குடிக்கும். வெங்காயத்துக்கு வாரத்தில் இரண்டு தண்ணீர் என்றாலே செலவு கையைக் கடிக்கும். இந்த நேரத்தில், ‘‘என் சர்வீஸ்ல இருந்து ஒரு ஒயர் இழுத்துக்கோங்க அக்கா’’ என்று நல்ல மனதோடு சொல்ல ஒருவர் வருவார். அந்தப் பக்கமே போகக் கூடாது. ஒரு கிணற்றுக்குக் கொடுத்த இலவச இணைப்பில் இருந்து வேறு நிலத்துக்கு மின்சாரம் எடுப்பது அனுமதியில்லாத பயன்பாடு. உதவி செய்தவரின் இணைப்புக்கே ஆபத்து. புகார் கொடுக்கப் பக்கத்தில் ஆள் தயாராக இருக்கும்போது சொல்லவே வேண்டாம்.

சொட்டுநீர் போட்டால் இன்ஜின் ஓடும் நேரம் குறையும். சிறு விவசாயிக்கு மானியம் இருக்கிறது. வட்டாரத் தோட்டக்கலைத் துறை அலுவலகத்தில் விண்ணப்பிக்கலாம். சூரிய சக்தி பம்புசெட் வேண்டுமென்றால் வேளாண்மைப் பொறியியல் துறையை அணுகலாம். ஆனால், அதை வாங்கினால் இலவச மின் இணைப்புக்கான பதிவு மூப்பு என்ன ஆகும் என்று எழுத்தில் கேட்டுக்கொண்ட பிறகு கையெழுத்துப் போட வேண்டும். அடுத்த போகத்துக்கு வெங்காயத்தைக் குறைத்து, தண்ணீர் குறைவாகக் கேட்கும் உளுந்தோ, எள்ளோ பாதி நிலத்தில் போடுவது டீசல் செலவை மட்டுப்படுத்தும்.

ராத்திரியோடு ராத்திரியாகக் கம்பத்தை நட்டுவிடலாம் என்று சொல்லும் ஒப்பந்தக்காரர்களும் உண்டு. சம்மதமோ, உத்தரவோ இல்லாமல் நட்ட கம்பத்தைப் பிடுங்கச் சொல்லி நிலத்துக்காரர் கேட்டால், சட்டம் அவர் பக்கம் நிற்கும். 2006 விதியிலேயே, போதிய காரணம் காட்டினால் கம்பத்தை அகற்றவோ, மாற்றவோ ஆட்சியர் உத்தரவிடலாம் என்று இருக்கிறது.

முறைப்படி நட்டு, இணைப்பும் கொடுத்த பிறகு யாராவது கம்பியை வெட்டினால் அது வேறு கணக்கு. மின்சாரத்தைத் துண்டிக்கும் நோக்கத்தோடு கம்பியை வெட்டுவதற்கு மின்சாரச் சட்டத்தின் 140-வது பிரிவில் 10,000 ரூபாய் வரை அபராதம் உண்டு. அன்றைக்கு உடனே மின்வாரியத்தின் ‘மின்னகம்’ எண் 94987 94987-ல் பதிவு செய்து, புகார் எண்ணை வாங்கிக்கொண்டு, உதவிப் பொறியாளர் மூலமாகவே போலீஸில் புகார் கொடுக்கச் செய்ய வேண்டும். அறுந்த கம்பியை வாசகியோ, பிள்ளைகளோ தொடவே கூடாது.

சில வாசகர்கள், கிணற்றில் இருந்து பக்கத்து நிலம் வழியாக பி.வி.சி. குழாய் கொண்டுபோவதற்கும் இதே முறையில் போலீஸ் பாதுகாப்புக் கேட்கலாமா என்று கேட்கிறார்கள். அது மின்வாரியம் செய்யும் பணி அல்ல. ஒரு விவசாயி தன் செலவில் தனக்காகச் செய்யும் வேலை. மேலே சொன்ன விதி அதற்குப் பொருந்தாது. நிலத்துக்காரரோடு எழுத்தில் ஒப்பந்தம் போட்டு, பதிவு செய்துகொள்வதுதான் பாதுகாப்பு. நீண்ட காலமாகத் தண்ணீர் போய்க்கொண்டிருந்த வாய்க்காலையோ, குழாயையோ இப்போது அடைத்தால், 1882-ம் ஆண்டு வசதியுரிமைச் சட்டப்படி சிவில் நீதிமன்றத்தில் உரிமை கோரலாம். 20 வருடத் தொடர்ச்சியான பயன்பாட்டைக் காட்ட வேண்டியிருக்கும். அதற்கான பழைய அடங்கலையும், சாட்சி சொல்லக்கூடிய வயதானவர்களையும் இப்போதே கண்டுபிடித்து வைத்துக்கொள்வது நல்லது.